ஐரிஷ் எழுத்தாளர்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஐரிஷ் இலக்கியம் படிக்கத் தொடங்குகிறவர்கள் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளை இங்கே சேர்த்திருக்கிறேன். எல்லாரையும் அடக்கிய பட்டியலாக இதை எடுத்துக்கொள்ள வேண்டாம். அயர்லாந்து தன் எழுத்தாளர்களோடு போட்ட நீண்ட சண்டையும், அந்த எழுத்தாளர்கள் எந்த ஊரில் போய் உட்கார்ந்தாலும் அயர்லாந்தையே எழுதிக்கொண்டிருந்ததும்தான் என்னை இந்த இலக்கியத்தில் பிடித்து வைத்திருக்கின்றன. பதில்களும் அந்தப் பக்கமே அதிகம் சாயும்.

ஆஸ்கார் வைல்டும் பெர்னார்ட் ஷாவும் ஆங்கிலேயர்கள் இல்லையா?

இல்லை. இருவரும் டப்ளினில் பிறந்தவர்கள். வைல்ட் 1854-ல், ஷா 1856-ல். கலிவரின் பயணங்களை எழுதிய ஜோனதன் ஸ்விஃப்ட் அதே ஊரில் 1667-ல் பிறந்தவர். 1922 வரை அயர்லாந்து முழுவதும் பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்தது. பெரிய பதிப்பகங்கள், பெரிய நாடக அரங்குகள் எல்லாம் லண்டனில். எழுதிப் பிழைக்க நினைத்தவர் கப்பல் ஏறியாக வேண்டும். அப்படிப் போனவர்களை ஆங்கில இலக்கியப் பாடநூல்கள் தங்கள் கணக்கிலேயே சேர்த்துக்கொண்டன.

இந்தக் குழப்பம் பழைய காலத்தோடு முடியவும் இல்லை. இன்றும் பிரிட்டனோடு இருக்கும் வட அயர்லாந்தின் டெர்ரி மாவட்டத்தில் பிறந்த கவிஞர் ஷேமஸ் ஹீனியை, 1982-ல் வந்த ஒரு 'பிரிட்டிஷ் கவிதை'த் தொகுப்பில் சேர்த்துவிட்டார்கள். என் பாஸ்போர்ட் பச்சை நிறம் (அன்றைய அயர்லாந்து பாஸ்போர்ட்டின் நிறம்) என்று கவிதையாகவே மறுப்பு எழுதி அவர் வெளியிட்டார்.

யாரிடமிருந்து தொடங்கலாம்?

ஜேம்ஸ் ஜாய்ஸின் 'டப்ளினர்ஸ்' சிறுகதைத் தொகுப்பிலிருந்து. ஜாய்ஸ் என்றதும் பயந்து ஓடுகிறவர்கள் பலர். ஆனால் இந்தப் பதினைந்து கதைகளும் தெளிவான, அடக்கமான மொழியில் எழுதப்பட்டவை. 'எவலின்' சில பக்கங்களே உள்ள கதை. குடிகார அப்பாவிடமிருந்து தப்பிக் காதலனோடு புவனோஸ் அயர்ஸ் போகத் தீர்மானித்த ஒரு பெண், துறைமுகம் வரை வந்துவிட்டுக் கப்பல் ஏறமுடியாமல் கம்பியைப் பிடித்தபடி நின்றுவிடுகிறாள். அவ்வளவுதான் கதை. வீட்டுக்காகத் தன் வாழ்க்கையைத் தள்ளிப்போட்ட பெண்களைத் தெரிந்த எவருக்கும் அந்தக் கம்பி எது என்று தெரியும்.

கடைசிக் கதையான 'தி டெட்' கொஞ்சம் நீளம். பண்டிகைக் கால விருந்து ஒன்று முடிகிற நேரத்தில், மாடிப்படியில் நின்று ஒரு பழைய பாட்டைக் கேட்கிறாள் மனைவி. பதினேழு வயதில் இறந்துபோன ஒரு பையன் அவள் நினைவுக்கு வருகிறான். அன்றிரவு, தன் மனைவியைத் தனக்கு முழுதாகத் தெரியும் என்ற கணவனின் நம்பிக்கை உடைகிறது. ஜாய்ஸின் துணைவி நோராவை இளம் வயதில் நேசித்து இறந்த கால்வே பையன் ஒருவன்தான் அந்தக் கதைக்கு விதை. எழுதும்போது ஜாய்ஸுக்கு வயது இருபத்தைந்து. எனக்குத் தெரிந்து சிறுகதையில் இதற்கு மேல் போனவர்கள் மிகச் சிலர்.

ஜாய்ஸ் ஏன் நாட்டை விட்டுப் போனார்?

1904 அக்டோபரில் அவர் கிளம்பியபோது பெரிய துரத்தல் எதுவும் இல்லை. வறுமை, கடனாளி அப்பா, திருச்சபையோடு முறிந்த உறவு, எழுத வேண்டும் என்ற வெறி. கூடவே நோரா பார்னக்கிள். கால்வேயிலிருந்து வந்து டப்ளின் ஓட்டல் ஒன்றில் வேலை பார்த்த பெண். கல்யாணம் செய்துகொள்ளாமல் இருவரும் ஒன்றாகப் போனார்கள், அந்தக் கால டப்ளினில் அது நினைத்தே பார்க்கமுடியாத காரியம். பதிவுத் திருமணம் நடந்தது 1931-ல், லண்டனில். இன்று இத்தாலியில் இருக்கும் ட்ரியஸ்டி நகரத்தில் ஆங்கிலம் சொல்லிக்கொடுத்துப் பிழைத்தார்கள்.

திரும்பவே மாட்டேன் என்று அவரை வைராக்கியம் கொள்ள வைத்தது 'டப்ளினர்ஸ்' பட்ட பாடுதான். லண்டன் பதிப்பாளர் கிராண்ட் ரிச்சர்ட்ஸ் 1906-ல் ஒப்புக்கொண்டார், பிறகு பின்வாங்கினார். ஆட்சேபத்துக்குரிய நூலை அச்சிட்டால் அச்சகக்காரர் மீதும் வழக்கு வரலாம் என்ற சட்டம் அன்று இருந்தது. அச்சுக்கோர்ப்பவர் முகம் சுளித்தாலே புத்தகம் நின்றுவிடும். ஒரு கதையில் மன்னர் ஏழாம் எட்வர்டைப் பற்றி வரும் பேச்சு பிரச்சினையானபோது, அவருடைய மகன் ஐந்தாம் ஜார்ஜ் மன்னருக்கே ஜாய்ஸ் கடிதம் எழுதி, இது உங்கள் தந்தைக்கு அவமதிப்பா என்று கேட்டார். கருத்துச் சொல்வது மன்னரின் வழக்கமில்லை என்று செயலரிடமிருந்து பதில் வந்தது.

பிறகு டப்ளினின் மான்செல் நிறுவனம் ஏற்றுக்கொண்டது. 1912-ல் ஆயிரம் பிரதிகளுக்கான தாள்கள் அச்சாகிவிட்டன. அச்சகக்காரர் பயந்துபோய் எல்லாவற்றையும் அழித்துவிட்டார். ஜாய்ஸ் அன்றே ஊரை விட்டுக் கிளம்பி, போகும் வழியில் அவர்களைத் திட்டி ஒரு நீண்ட வசைக்கவிதை எழுதினார். அதன் பிறகு அவர் அயர்லாந்தில் கால் வைக்கவே இல்லை. 1914-ல், அதே கிராண்ட் ரிச்சர்ட்ஸ்தான் கடைசியில் புத்தகத்தைக் கொண்டுவந்தார்.

சினிமா ரசிகர்களுக்கு ஒரு தகவல்: 1909 டிசம்பரில் டப்ளினில் வோல்டா என்ற திரையரங்கைத் திறந்து நடத்தியவர் ஜாய்ஸ்தான். பணம் ட்ரியஸ்டி வியாபாரிகளுடையது. சில மாதங்களிலேயே அது கைமாறிவிட்டது.

ஜாய்ஸின் 'யுலிசிஸ்' நாவல் அவ்வளவு கடினமா?

கடினம்தான். ஆனால் சொல்லப்படுகிற அளவுக்கு இல்லை. 1904 ஜூன் 16, ஒரே நாள், ஒரே நகரம். லியோபோல்ட் ப்ளூம் என்ற யூத வம்சாவளி விளம்பர முகவர் காலையில் எழுந்து சமைத்து, ஒரு சவ ஊர்வலத்துக்குப் போய், ஊர் சுற்றி, மனைவி தனக்குத் துரோகம் செய்யும் நேரம் நெருங்குவதைத் தெரிந்துகொண்டே வீட்டுக்கு வெளியே பொழுதைக் கழிக்கிறார். அது ஜாய்ஸும் நோராவும் முதல்முறை சேர்ந்து நடக்கப் போன நாள்.

பதினெட்டு அத்தியாயங்களில் முதல் மூன்றும் ஸ்டீபன் என்ற இளைஞனின் மூளைக்குள் நடப்பவை. பெரும்பாலானவர்கள் மூன்றாவதில் புத்தகத்தை மூடிவிடுகிறார்கள். நான்காவதில் தொடங்குங்கள். ப்ளூம் சமையலறையில் நிற்கிறார், பூனை காலைச் சுற்றுகிறது, மனைவிக்குக் காலை உணவு தயாராகிறது. அவரோடு சிநேகமாகிவிட்டால் பிறகு முன்னால் போய் விட்டதைப் படித்துக்கொள்ளலாம். புரியாத பக்கங்களைத் தாண்டிப் போவதில் எந்தத் தவறும் இல்லை. உரக்கப் படித்துப் பாருங்கள், பாதிச் சிக்கல் அவிழும்.

'யுலிசிஸ்' அயர்லாந்தில் தடை செய்யப்பட்டதா?

இதில்தான் எல்லாரும் தடுமாறுகிறார்கள். அமெரிக்காவில் தொடராக வந்தபோதே ஆபாசம் என்று வழக்கு. 1921-ல் 'லிட்டில் ரிவ்யூ' இதழின் ஆசிரியர்களான இரண்டு பெண்களுக்கு ஆளுக்கு ஐம்பது டாலர் அபராதம். வேறு யாரும் துணியாத நிலையில், பாரிஸில் புத்தகக்கடை வைத்திருந்த சில்வியா பீச் என்ற அமெரிக்கப் பெண் 1922 பிப்ரவரி 2 அன்று, ஜாய்ஸின் நாற்பதாவது பிறந்த நாளில், நூலை வெளியிட்டார். முதல் பதிப்பு ஆயிரம் பிரதிகள். அமெரிக்க நீதிமன்றம் 1933-ல்தான் வழிவிட்டது. இந்த நாவலைக் காப்பாற்றியவர்களில் பெண்களே அதிகம் என்பதை ஜாய்ஸைக் கொண்டாடும்போது மறந்துவிடுகிறோம்.

அயர்லாந்து அரசு 'யுலிசிஸ்' மீது முறைப்படி தடை எதுவும் போடவில்லை. போடத் தேவையே இருக்கவில்லை, நாட்டுக்குள் அது சுலபமாகக் கிடைக்காது.

அப்படியானால் தணிக்கை அங்கே பெரிய விஷயமில்லையா?

மிகப் பெரிய விஷயம். சுதந்திரம் வந்து ஏழே ஆண்டுகளில், 1929-ல், நூல் தணிக்கைச் சட்டம் வந்தது. அடுத்த சில பத்தாண்டுகளில் நாட்டின் நல்ல உரைநடை எழுத்தாளர்களில் தடைப்பட்டியலில் ஏறாதவரைத் தேடிப்பிடிக்க வேண்டும். கேட் ஓபிரையன் எழுதிய 'தி லேண்ட் ஆஃப் ஸ்பைசஸ்' நாவல் 1941-ல் தடைபட்டது. காரணம் ஒரே ஒரு வாக்கியம். கதாநாயகியின் அப்பாவுக்கும் இன்னோர் ஆணுக்கும் இருந்த உறவை அது நாசூக்காகச் சொல்கிறது.

இன்னொன்று கேளுங்கள். 18-ஆம் நூற்றாண்டில் பிரையன் மெரிமன் ஐரிஷ் மொழியில் எழுதிய நெடுங்கவிதை 'நள்ளிரவு நீதிமன்றம்'. பெண்கள் கூடி, கல்யாணத்துக்கு வக்கில்லாத ஆண்கள் மீது வழக்குப் போடும் துணிச்சலான கவிதை. ஃபிராங்க் ஓகானர் அதை ஆங்கிலத்தில் பெயர்த்தார், அந்தப் பெயர்ப்பு 1946-ல் தடை செய்யப்பட்டது. ஐரிஷ் மூலமோ கடையில் தாராளமாக விற்றுக்கொண்டிருந்தது.

எட்னா ஓபிரையன் கதை இன்னும் நெருக்கமானது. கிளேர் மாவட்டத்தின் ஒரு சின்ன ஊரிலிருந்து வந்தவர். 1960-ல் வெளியான அவருடைய முதல் நாவல் 'தி கன்ட்ரி கேர்ள்ஸ்' இரண்டு கிராமத்துப் பெண்கள் கான்வென்ட் பள்ளியிலிருந்து டப்ளினுக்கு வந்து காதலையும் ஏமாற்றத்தையும் சந்திப்பதைச் சொல்கிறது. இன்று படித்தால் இதற்கா தடை என்று தோன்றும். ஒரு பெண் தன் ஆசையைத் தன் குரலிலேயே சொன்னதுதான் குற்றம். அவருடைய அடுத்தடுத்த நாவல்களும் தடைபட்டன. அவர் லண்டனிலேயே வாழ்ந்தார்.

ஜான் மெக்கஹெர்ன் பள்ளி ஆசிரியர். 1965-ல் அவருடைய இரண்டாவது நாவல் 'தி டார்க்' தடைபட்டதோடு வேலையும் போனது. பள்ளிகள் திருச்சபையின் கையில் இருந்த காலம் அது. அவர் பெரிதாகக் கூச்சல் போடவில்லை. சில ஆண்டுகள் வெளியே இருந்துவிட்டு லீட்ரிம் மாவட்டத்துக்குத் திரும்பி வந்து, ஏரிக்கரையில் மாடு வளர்த்துக்கொண்டு எழுதினார். 1990-ல் வந்த 'அமங்ஸ்ட் விமன்' நாவலில் வரும் அப்பா, பழைய விடுதலைப் போராளி. வீட்டுக்குள் அவரே ஆட்சியாளர், மகள்கள் அவருக்குப் பயந்துகொண்டே பாசம் வைத்திருக்கிறார்கள். சுதந்திர அயர்லாந்து எப்படி இருந்தது என்று கேட்பவர்களுக்கு நான் வரலாற்று நூலுக்கு முன்னால் இதைத்தான் கையில் கொடுப்பேன்.

1967-ல் சட்டத்தைத் தளர்த்தினார்கள். பன்னிரண்டு ஆண்டுகள் கடந்த தடைகள் தாமாகவே காலாவதியாகும் என்று ஆனது. இரண்டு ஆண்டுகள் கழித்து, 1969-ல், எழுத்தாளர்களின் படைப்பு வருமானத்துக்கு வரிவிலக்கே கொடுத்தார்கள்.

நாடகம் பார்த்துவிட்டு மக்கள் ரகளை செய்தார்களாமே?

இரண்டு முறை, இரண்டும் டப்ளினின் அபே தியேட்டரில். கவிஞர் டபிள்யூ.பி. யேட்ஸ், நாடகாசிரியர் லேடி கிரெகரி முதலானவர்கள் சேர்ந்து 1904-ல் திறந்த தேசிய அரங்கு அது. 1907 ஜனவரியில் ஜே.எம். சிங்கின் 'தி பிளேபாய் ஆஃப் தி வெஸ்டர்ன் வேர்ல்ட்' மேடையேறியது. அப்பாவைக் கொன்றுவிட்டதாகச் சொல்லிக்கொண்டு வரும் ஒருவனை மேற்குக் கரைக் கிராமம் வீரனாகக் கொண்டாடுகிறது. ஐரிஷ் கிராமத்தான் என்றால் பக்திமான், பெண்கள் என்றால் பத்தரைமாற்றுத் தங்கம் என்று காட்டவேண்டும் என எதிர்பார்த்த தேசியவாதிகள் கொதித்தார்கள். பெண்களின் உள்ளாடை ஒன்றின் பெயர் வசனத்தில் வந்ததும் கூச்சல் வெடித்தது. அந்த வாரம் முழுக்க போலீஸ் காவலோடுதான் நாடகம் நடந்தது. சிங் இரண்டே ஆண்டுகளில், 37 வயதில் இறந்தார்.

1926-ல் ஷான் ஓகேசியின் நாடகத்துக்கு அடுத்த ரகளை. பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிரான 1916 எழுச்சியின் தியாகிகளைப் போற்றிய மக்களுக்கு, மதுக்கடைக்குள் தேசக்கொடி வரும் காட்சியைச் சகிக்க முடியவில்லை. அப்போது அறுபது வயதான யேட்ஸ் மேடையேறி, மறுபடியும் உங்களை நீங்களே கேவலப்படுத்திக்கொண்டீர்கள் என்று கூட்டத்தைப் பார்த்துக் கத்தினார். காதல் கவிதைகளுக்காக மட்டும் யேட்ஸை அறிந்தவர்கள் இந்த யேட்ஸையும் தெரிந்துகொள்ள வேண்டும்.

இந்தியாவோடு, குறிப்பாகத் தமிழ்நாட்டோடு தொடர்பு உண்டா?

உண்டு. தாகூரின் ஆங்கில 'கீதாஞ்சலி'க்கு 1912-ல் முன்னுரை எழுதியவர் யேட்ஸ். தாகூரின் 'அஞ்சல் நிலையம்' நாடகம் 1913-ல் அபே தியேட்டரிலேயே நடந்தது.

நமக்கு இன்னும் நெருக்கமானவர் ஜேம்ஸ் கசின்ஸ். பெல்ஃபாஸ்டில் பிறந்த கவிஞர், யேட்ஸ் வட்டத்தைச் சேர்ந்தவர். 1904-ல் தங்க இடமில்லாமல் அலைந்த ஜாய்ஸ் சில நாள் இவர் வீட்டில்தான் இருந்தார். 1915-ல் அன்னி பெசன்டின் பத்திரிகையில் வேலை செய்ய இவரும் மனைவி மார்கரெட்டும் சென்னை வந்து, கடைசி வரை இந்தியாவிலேயே இருந்துவிட்டார்கள். அயர்லாந்தில் பெண்கள் வாக்குரிமைக்காகச் சிறை சென்றவர் மார்கரெட். 1917-ல் அடையாறில் இந்திய மாதர் சங்கம் தொடங்கியவர்களில் ஒருவர். பேச்சுரிமைக்காகக் குரல் கொடுத்து 1932-ல் வேலூர்ச் சிறையிலும் இருந்தார். ஐரிஷ் இலக்கிய வரலாறுகளில் இந்தத் தம்பதிக்குக் கிடைக்கும் இடம் போதவே போதாது என்பது என் வருத்தம்.

'திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணம்' எழுதிய கால்டுவெல் பிறந்ததும் அயர்லாந்தின் ஆன்ட்ரிம் மாவட்டத்தில்தான், 1814-ல். ஆனால் பெற்றோர் ஸ்காட்லாந்துக்காரர்கள், வளர்ந்ததும் பெரும்பாலும் அங்கேயே. அவரை ஐரிஷ் எழுத்தாளர் என்று சொல்ல நான் தயங்குவேன்.

சாமுவெல் பெக்கெட் ஏன் பிரெஞ்சில் எழுதினார்?

பிரெஞ்சில் எழுதும்போது நடை என்ற அலங்காரம் இல்லாமல் எழுத வருகிறது என்று அவர் காரணம் சொன்னார். அதற்குப் பின்னால் ஜாய்ஸ் இருக்கிறார் என்று நினைக்கிறேன். 1928-ல் பாரிஸ் போன பெக்கெட் அவருக்கு உதவியாளர் போலவே இருந்தவர். ஆங்கிலத்தில் எல்லாவற்றையும் சேர்த்துக்கொண்டே போன ஒரு மேதையின் பக்கத்தில் நின்றவருக்கு, ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டே போவதுதான் தன் வழி என்று புரிந்தது.

போர்க்காலத்தில் நடுநிலை நாடான அயர்லாந்துக்குத் திரும்பிப் பத்திரமாக இருந்திருக்கலாம். அவர் பிரெஞ்சு எதிர்ப்பு இயக்கத்தில் சேர்ந்தார். அவருடைய குழு காட்டிக்கொடுக்கப்பட்டதும், துணைவி சுசானோடு தப்பித்துத் தெற்கே ருசியோன் கிராமத்தில் வயல்வேலை செய்து பிழைத்தார். அடுத்து என்ன நடக்கும் என்று தெரியாமல் காத்திருந்த அந்தக் காலத்தைத் தெரிந்துகொண்டு, 1953-ல் பாரிஸில் மேடையேறிய 'கோடோவுக்காகக் காத்திருத்தல்' நாடகத்தைப் படித்தால் அது புதிர்போல் தோன்றாது. 1957-ல் கலிஃபோர்னியாவின் சான் குவென்டின் சிறையில் அதை நடித்துக் காட்டினார்கள். விமர்சகர்களைக் குழப்பிய நாடகம் கைதிகளுக்கு உடனே பிடிபட்டது.

1969-ல் நோபல் பரிசு வந்தபோது வாங்கப் போகவில்லை. அப்புறம், டப்ளின் பல்கலைக்கழக அணிக்காக முதல்தரக் கிரிக்கெட் ஆடியவர் அவர். இலக்கிய நோபல் வாங்கியவர்களில் அப்படி வேறு யாரும் கிடையாது.

ஐரிஷ் மொழியிலேயே எழுதியவர்கள் இல்லையா?

இருக்கிறார்கள். ஆங்கிலத்தில் எழுதியவர்கள் பின்னால் அவர்கள் மறைந்துபோனதுதான் சோகம். 1845-ல் தொடங்கிய உருளைக்கிழங்குப் பஞ்சத்தில் பத்து லட்சம் பேர் இறந்தார்கள், இன்னும் பத்து லட்சம் பேர் கப்பலேறினார்கள். செத்தவர்களிலும் போனவர்களிலும் ஐரிஷ் பேசிய ஏழைகளே மிகுதி. மிஞ்சியவர்களும் பிள்ளைகளுக்கு ஆங்கிலத்தையே கொடுத்தார்கள்.

மொழி உயிரோடிருந்த மேற்கு ஓரத்தில், கிரேட் பிளாஸ்கெட் என்ற சின்னத் தீவின் மீனவர் டோமாஸ் ஓ கிரிஹன் 1929-ல் தன் வாழ்க்கைக் கதையை வெளியிட்டார். அந்தத் தீவில் இப்போது குடியிருப்பவர் இல்லை, 1953-ல் எல்லாரையும் வெளியேற்றிவிட்டார்கள். மார்டீன் ஓ கைன் 1949-ல் எழுதிய 'க்ரே ந கில்லே' நாவலில் பாத்திரங்கள் எல்லாருமே பிணங்கள். கல்லறைத் தோட்டத்தில் மண்ணுக்கடியில் கிடந்தபடி யாருக்கு எந்தத் தரத்தில் குழி, மேலே மருமகள் என்ன செய்கிறாள், சொத்து யாருக்கு என்று ஓயாமல் சண்டை போடுகிறார்கள். முழுக்க முழுக்க உரையாடல். நம் கிராமத்துத் திண்ணைப் பேச்சைக் காதில் வாங்கியவர்கள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். ஆங்கிலப் பெயர்ப்பு புத்தகமாக வர 2015 ஆனது.

டிராகுலா எழுதியவரும் ஐரிஷா?

ஆம். பிராம் ஸ்டோக்கர், டப்ளின் அரசு அலுவலகத்தில் வேலை பார்த்தவர், பிறகு லண்டன் லைசியம் தியேட்டரின் மேலாளர். 1897-ல் நாவல் வந்தது. கதை நடக்கும் ட்ரான்சில்வேனியாவுக்கு அவர் போனதே இல்லை. அவர் மணந்த ஃபுளோரன்ஸை அதற்கு முன் விரும்பியவர் ஆஸ்கார் வைல்ட்!

வைல்டின் சிறைவாசத்துக்குப் பிறகு என்ன ஆனது?

1895-ல் அவருடைய இரண்டு நாடகங்கள் லண்டனில் ஓடிக்கொண்டிருந்தன. அதே ஆண்டு மே மாதம், ஆண்களோடான உறவுக்காக இரண்டு வருடக் கடுங்காவல். வெளியே வந்ததும் பிரான்ஸ் போனார். சிறையில் இருந்தபோது அங்கே நடந்த ஒரு தூக்குத் தண்டனையைப் பற்றி எழுதிய நெடுங்கவிதை 1898-ல் அவர் பெயரில்லாமல், அவருடைய கைதி எண்ணான சி.3.3 என்ற பெயரில் வந்தது. 1900-ல் பாரிஸில் 46 வயதில் இறந்தார். அவருடைய குழந்தைக் கதைகளோடு நின்றுவிடாமல், சிறையிலிருந்து எழுதிய நீண்ட கடிதத்தையும் படியுங்கள். கோபமும் அன்பும் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு வரும் எழுத்து.

இறந்த பிறகாவது நாடு இவர்களோடு சமாதானம் ஆனதா?

ஆளைப் பொறுத்து. பிரான்ஸில் இறந்த யேட்ஸின் உடலை 1948-ல் அரசு தன் கடற்படைக் கப்பலில் கொண்டுவந்து ஸ்லைகோவில் அடக்கம் செய்தது. அப்போது வெளியுறவு அமைச்சர் ஷான் மெக்பிரைட். யேட்ஸ் வாழ்நாள் முழுக்க ஏங்கிய மாட் கான் என்ற பெண்ணின் மகன்! 1941-ல் சூரிச்சில் ஜாய்ஸ் இறந்தபோதோ அயர்லாந்துத் தூதர்கள் எவரும் போகவில்லை. உடலை ஊருக்குக் கொண்டுவர நோரா பிறகு கேட்டதற்கும் இணங்கவில்லை. 1993-ல் பத்து பவுண்டு நோட்டில் ஜாய்ஸ் முகத்தைப் போட்டார்கள். உடல் இன்னும் சூரிச்சில்தான்.

இன்று எழுதுபவர்களில் யாரைப் படிக்கலாம்?

கிளேர் கீகனின் 'ஸ்மால் திங்ஸ் லைக் தீஸ்' (2021). ஒரே மாலையில் முடித்துவிடலாம். 1985-ன் கிறிஸ்துமஸ் சமயம், நியூ ராஸ் ஊரில் நிலக்கரி விற்கும் பில் ஃபர்லாங், கன்னியர் மடத்துக்குச் சரக்குப் போடப் போன இடத்தில் பூட்டிவைக்கப்பட்ட ஒரு பெண்ணைப் பார்த்துவிடுகிறார். கல்யாணமாகாமல் கர்ப்பமான பெண்களையும் 'ஒழுக்கம் கெட்டவர்கள்' என்று முத்திரை குத்தப்பட்டவர்களையும் கூலியில்லாமல் துணி வெளுக்க வைத்த மக்தலீன் சலவைக்கூடங்களில் கடைசியானது 1996 வரை இருந்தது. 2013-ல் பிரதமர் நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கேட்டார். கீகன் இதையெல்லாம் குரல் உயர்த்தாமல் சொல்கிறார். ஐந்து மகள்களைப் பெற்ற, ஊரைப் பகைத்துக்கொள்ள முடியாத ஒரு மனிதர் என்ன செய்வார் என்பது மட்டுமே அவருடைய கேள்வி.

வட அயர்லாந்தின் கலவர ஆண்டுகளை அறிய ஹீனியின் கவிதைகளோடு, 2018-ல் புக்கர் பரிசு வாங்கிய அன்னா பர்ன்ஸின் 'மில்க்மேன்' நாவலையும் எடுங்கள். யாருக்கும் பெயர் கிடையாது, வதந்தியே ஆளைக் கொல்லும் ஊர். முதல் ஐம்பது பக்கம் பொறுமை வேண்டும். சாலி ரூனியின் 'நார்மல் பீப்பிள்' சுலபமாக ஓடும், இளையவர்களுக்கு அதைத்தான் முதலில் சொல்வேன். மூன்றும் ஆங்கிலத்தில் எளிதாகக் கிடைக்கின்றன.